மருதாணி வைக்காத தலை

இது கதையல்ல. இந்த வருடம் மாசி மாதம், இந்தக் குளிர் தேசத்து வோபர்னில், பட்டப்பகலில் நடந்தது. பேய் நடுச்சாமத்தில்தான் வரும் என்று நம்பிக்கொண்டு பகலில் தைரியமாக இருப்பவர்கள் இதை வாசிக்காமல் விடுவது நல்லது. சாப்பிட்டுக்கொண்டு வாசிப்பவர்கள் கோப்பையைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். பிறகு என்னைத் திட்டக்கூடாது.

கிளடிஸ் தன் வீட்டின் கீழ்த்தள பேஸ்மென்றில் பார்லர் நடத்துகிறவள். ஒரு கதிரை, முன்னால் ஒரு கண்ணாடி, தலை கழுவ ஒரு சிங்க், சுவரில் மாதா படம். அவ்வளவுதான் பார்லர். நரைக்குக் கெமிக்கல் டை அவளிடம் கிடையாது. மருதாணியும் அவுரியும்தான். முதலில் மருதாணி, நரை செம்பு நிறமாகும். அதைக் கழுவிவிட்டு அவுரி இலைத் தூளைக் குழைத்துப் பூசினால் கறுப்பு. மருதாணி வைக்காமல் அவுரியை மட்டும் பூசினால் வெள்ளை முடி நீலமாகும். ஒரு காலத்தில் ஜீன்ஸுக்குச் சாயம் ஏற்றிய அதே நீலம். இந்த ஒழுங்கு தெரியாமல் வீட்டில் தாங்களே பூசிப்போட்டு, தொப்பியை இழுத்துவிட்டபடி ஓடிவந்த எத்தனையோ பேரை அவள் ஏசிக்கொண்டே சரிப்படுத்தியிருக்கிறாள்.

அவளுக்கு ஒரு குணம். எல்லாவற்றிலும் அருவருப்பு. கோழி கழுவக் கையுறை வேண்டும். சிங்கில் அடைத்த முடியை எடுக்க இரண்டு சோடிக் கையுறை. ஊரார் தலை அழுக்கில் பிழைக்கிறவளுக்கு ஆண்டவர் ஏன் இப்படி ஒரு மூக்கைக் கொடுத்தார் என்று அவளுடைய புருசன் கஸ்பர் அடிக்கடி பகிடி விடுவான்.

அந்தக் கிழமைதான் மங்கையற்கரசி அம்மா இறந்துபோனார். பத்து வருடமாகக் கிளடிஸிடம் தலைக்குப் பூசியவர். கதிரையில் இருந்ததும் கண்ணை மூடிக்கொண்டு, "வடிவாப் பூசு பிள்ளை" என்பார். மூன்று கிழமைக்கு, அதாவது இருபத்தொரு நாளைக்கு, ஒருமுறை தவறாமல் வருவார். கடைசி ஒரு வருடம் வரவில்லை. கான்சருக்கு மருந்து ஏற்றி, முடியெல்லாம் கொட்டி, திரும்ப முளைத்தது முழுக்க வெள்ளையாம்.

மகள் நிலாணி போன் எடுத்தாள்.

"அன்ரி, அம்மாவுக்கு ஒருக்கா தலைக்குப் பூசிவிடுவியளோ? பியூனரல் ஹோமில ஓம் எண்டிட்டினம். நரையோட அவவைக் கிடத்த எனக்கு விருப்பமில்லை."

"சவத்தில கை வைக்கமாட்டன் பிள்ளை. எனக்கு ஏலாது."

"அம்மா கடைசியிலயும் உங்களைத்தான் கேட்டவ..."

"ஏலாது பிள்ளை. குறை நினையாத."

அருவருப்பு ஒரு பக்கம். பயம் மறுபக்கம். அந்த மாதம் அவள் கையில் மூன்று கலியாணப் பெண்கள். சவம் தொட்ட கையால் மணப்பெண்ணுக்குப் பூ வைக்க எந்தத் தாய் விடுவாள்? இந்தக் கதை ஒரு வாயில் விழுந்தால் போதும், பார்லரை இழுத்து மூட வேண்டியதுதான்.

அடுத்த நாள் மத்தியானம். வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. கஸ்பர் வேலைக்குப் போய்விட்டான். கிளடிஸ் மேலே போய்ச் சுடுதண்ணீர் எடுத்துக்கொண்டு இறங்கி வந்தாள்.

கதிரையில் ஒரு மனுசி இருந்தார்.

தடித்த கோட். முகத்தில் மாஸ்க். தலை நெஞ்சில் தொங்கியபடி. கட்டையான வெள்ளை முடி. மணி அடித்த சத்தமும் இல்லை, கதவு திறந்த சத்தமும் இல்லை. வாசல் மிதியடியைப் பார்த்தாள். ஒரு துளி பனி இல்லை. காய்ந்து கிடந்தது.

"அப்பொயின்ற்மென்ற் இருக்கோ அன்ரி?"

"அவுரி மட்டும் பூசு."

குரல் அடைத்திருந்தது. தடிமன் பிடித்தவர்களின் குரல்.

"மருதாணி வைக்காட்டி நீலமாப் போகும்."

"மருதாணி வேண்டாம். வீட்டில துடக்கு."

துடக்கு என்றால் சாவீட்டுத் தீட்டு. அந்த நாட்களில் மருதாணி, பூ, நல்ல காரியம் ஒன்றும் ஆகாது என்று இருக்கிற வீடுகள் உண்டு. கிளடிஸ் வேதக்காரியென்றாலும் அவளிடம் வருகிற பாதிப் பேர் சைவக்காரர். அதனால் இதெல்லாம் அவளுக்குத் தெரியும்.

"ஆர் அன்ரி தவறினது?"

மனுசி தலையை இன்னும் தாழ்த்திக்கொண்டார்.

சரி, துக்கத்தில் இருக்கிற மனுசி, என்னத்துக்குக் கிண்டுவான் என்று விட்டுவிட்டாள். தூளில் சுடுதண்ணீரை விட்டுக் குழைத்தாள். கொஞ்ச நேரத்தில் பச்சைக் களியின் மேல் நீலம் படர்ந்தது. வாடிய கீரை மணம் வந்தது. அது வழக்கமான மணம்தான். கையுறையை மாட்டிக்கொண்டு பூசத் தொடங்கினாள்.

பூசினால் களி தலைச் சூட்டில் வெதுவெதுப்பாகும். பத்து வருடக் கைப்பழக்கம், அவளுக்குத் தெரியும். இந்தத் தலையில் களி குளிர்ந்தது. சுடுதண்ணீரில் குழைத்த களி, கையுறைக்கு மேலால் விரல் விறைக்குமளவுக்குக் குளிர்ந்தது.

பூசப் பூச உள்ளே இழுத்தது. தலை குடிக்கிறதா என்று பார்த்தாள். திரும்பவும் அள்ளினாள்.

கீரை மணத்துக்கு அடியில் இன்னொரு மணம்... கரண்ட் போன பிறிட்ஜுக்குள் மறந்து விட்ட இறைச்சி. கிளடிஸ் மூச்சை அடக்கிக்கொண்டு உச்சிப் பக்கம் விரலை அழுத்தித் தேய்த்தாள்.

தோல் நகர்ந்தது.

அவித்த உருளைக்கிழங்கின் தோல் போல, மேலே மட்டும், வழுக்கிக்கொண்டு... நகர்ந்து திரும்ப வந்து இருந்தது. விரல் நுனியில் ஏதோ பிசுபிசுத்தது. பார்த்தாள். இரண்டு கையுறையும் கிழிந்திருந்தன.

உச்சியில் இரட்டைச் சுழி.

இடது காதுக்குப் பின்னால் ஒரு தழும்பு. ஊரில் சண்டை நடந்த காலம் வெடித்த செல் குண்டின் துண்டு பட்ட தழும்பு.

முகத்தை மறந்தாலும் தலையை மறக்கமாட்டாள் கிளடிஸ். இந்தச் சுழியும் இந்தத் தழும்பும் சேர்ந்த தலை அவளுக்குத் தெரிய ஒன்றுதான். பத்து வருடம் பூசிய தலை.

முன்னால் கண்ணாடி இருந்தது. அவள் நிமிரவில்லை. நிமிர்ந்தால் மாஸ்குக்கு மேலே கண் தெரியும். நிமிரவே இல்லை.

"வடிவாப் பூசு பிள்ளை."

பூசினாள். வேறென்ன செய்ய? அருள் நிறைந்த மரியே சொல்லிக்கொண்டே பூசினாள்.

கழுவ அந்த உருவம் தானாக எழும்பிப் போய்ச் சிங்கில் குனிந்தது. தண்ணீர் பச்சையாக ஓடியது. பிறகு நீலம். பிறகும் நீலம். தெளியவே இல்லை. நுரை கொழகொழத்தது. முடி கொத்தாகக் கையோடு வந்தது. அதன் அடியில் நகமளவு... மெதுமெதுவென்று... வெளிறிய...

ஓங்காளித்தது. குப்பை வாளிக்கு ஓடிக் குடல் வெளியே வருமளவுக்குச் சத்தி எடுத்தாள்.

முதுகுக்குப் பின்னால் குரல்.

"மூண்டு கிழமையில வாறன். அடி வெள்ளை தெரியும்."

திரும்பினாள்.

கதிரை வெறுமை. மிதியடி காய்ந்தே கிடந்தது. ரோஸ் நிறத் துவாய் ஒன்றைக் காணவில்லை.

பின்னேரம் வந்த கஸ்பர் படியிலேயே மூக்கைப் பொத்தினான். "என்னப்பா, எலி ஏதும் செத்துக் கிடக்கோ?" கிளடிஸ் சவர்க்காரம், எலுமிச்சம்பழம், பாத்திரம் தேய்க்கிற கம்பி எல்லாம் போட்டு நீலம் பிடித்த கையை உரஞ்சிக்கொண்டிருந்தாள். அவுரிச் சாயம் தோலில் இரண்டு மூன்று நாள்தான் நிற்கும். அது போகவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அம்மாவின் உடலைப் பார்வைக்கு வைத்தார்கள். போகாமல் விட்டால் கதைப்பார்கள். கையைக் கோட் பைக்குள் விட்டுக்கொண்டு பின்வரிசையில் நின்றாள். அவ்வளவு தூரத்திலிருந்தே தெரிந்தது. பெட்டிக்குள் நீலத் தலை.

நிலாணி நேரே வந்து கட்டிப்பிடித்தாள்.

"தாங்க்ஸ் அன்ரி. மாட்டன் எண்டு சொல்லிப்போட்டும் வந்து பூசியிருக்கிறியள். பட் மருதாணி ஏன் வைக்கேல்லை? நீலமாக் கிடக்கு."

"நான் வரேல்லை பிள்ளை."

"உங்கட பிங்க் துவாய் அம்மாவின்ர தலையில சுத்திக் கிடந்தது அன்ரி. அங்க வேலை செய்யிற ஆக்களும் ஒருத்தரும் உள்ளுக்கு வரேல்லை எண்டுதான் சொல்லினம். பூட்டின அறையாம்."

பக்கத்தில் ஒரு கலியாணப் பெண்ணின் தாய் நின்றார். எல்லாம் கேட்டார். கிளடிஸின் கையைப் பிடித்துப் பைக்குள்ளிருந்து வெளியே இழுத்துப் பார்த்தார். பத்து விரலும் நீலம். அன்று பொழுதுபடுவதற்குள் மூன்று தாய்மாரும் வேறு ஆள் பிடித்துவிட்டதாகச் செய்தி அனுப்பினார்கள். கிளடிஸ் இருந்த அவுரித் தூள் முழுவதையும் குப்பையில் கொட்டினாள். பேஸ்மென்றைப் பூட்டித் திறப்பைக் கஸ்பரிடம் கொடுத்தாள். எது நடக்கக்கூடாது என்று நிலாணிக்கு ஏலாது என்றாளோ, அதுதான் நடந்தது. போகட்டும், அம்மாவை எரித்தாகிவிட்டது, இனி ஒன்றும் வராது என்று மனதைத் தேற்றிக்கொண்டாள்.

பிறகு ஒரு பகல் நிலாணி போன் எடுத்தாள். குரல் சரியில்லை.

"அன்ரி... ஏரியில அஸ்தி கரைக்க வந்தனாங்கள். சாம்பலுக்குள்ள முடி கிடக்கு. எரியேல்லை."

கிளடிஸ் போனைக் காதோடு அழுத்திப் பிடித்தாள்.

"நீல முடிதான். பட் அடியில வெள்ளை, அன்ரி. புதுசா வளர்ந்த மாதிரி. எரிச்ச முடி எப்பிடி வளரும்?"

போன் கையிலிருந்து நழுவியது.

அன்றோடு மூன்று கிழமை.

பூட்டிய பேஸ்மென்றிலிருந்து, படியால் மெல்ல மெல்ல ஏறி வந்தது... அப்போதுதான் குழைத்த அவுரியின் நாற்றம்.