அசையாத முகம்

என் கணவர் குவைத்தில் லாரி ஓட்டுகிறார். மதுராந்தகத்தில் மாமனார் இறந்தபோது அவருக்கு லீவு கிடைக்கவில்லை. மூத்த மகனான அவர் ஊரில் இல்லாததால் கொழுந்தன்தான் கொள்ளிச்சட்டி ஏந்தினார். நான் தலைமாட்டில் நின்று, வீடியோ காலில் என் கணவருக்கு அப்பாவைக் காட்டிக்கொண்டிருந்தேன்.

"முகம் பாக்கறவங்க பாத்துக்குங்க, தூக்கப் போறோம்" என்று குரல் கொடுத்தார்கள். அப்போதுதான் போனைக் கவனித்தேன். திரையில் அவர் முகம் அசையவே இல்லை. பறைச் சத்தத்தில் அந்தப் பக்கத்துக் குரலும் கேட்கவில்லை.

"ஹேங் ஆயிட்ச்சி அண்ணி. ஆப்ப மொத்தமா மூடிட்டு மறுபடி போடுங்க" என்றார் கொழுந்தன். பதற்றத்தில் செட்டிங்ஸுக்குள் போய் ஆப்பை வலுக்கட்டாயமாக நிறுத்தினேன். பழைய போன். திரும்பத் திறக்காமல் சுற்றிக்கொண்டே இருந்தது. மறுபடி கால் கிடைத்தபோது பாடை தெருமுனையைத் தாண்டிவிட்டது. எங்களில் பெண்கள் சுடுகாட்டுக்குப் போவதில்லை. வாசலில் சிதறிக் கிடந்த பூவைத்தான் காட்ட முடிந்தது.

"ஏன்டி கட் பண்ண? நான் பாத்துகினுதான இருந்தேன்" என்றார்.

படம் ஓடிக்கொண்டுதான் இருந்திருக்கிறது. அவர்தான் இமைகூடக் கொட்டாமல் அப்பாவைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். கடைசி முகத்தை நானே மூடிவிட்டேன்.

இப்போதெல்லாம் திரை அசையாமல் நின்றாலும் நான் எதையும் மூடுவதில்லை. "ஏங்க, இருக்கீங்களா?" என்று கேட்டுவிட்டுக் காத்திருக்கிறேன். பல நாள் பதில் வருவதில்லை. போன் நன்றாகத்தான் இருக்கிறது.