புக்கிட் பாரு குழியில் தங்கம் அலசிய பகல்

சரளைக்குழியில் தங்கம் அலசுவது இப்போது விடுமுறைப் பொழுதுபோக்காகிவிட்டதாம். அப்படிக் கிளம்புகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். நான் போனது ஜப்பான்காரன் காலத்தில், அரிசிக்காக. அவன் அடித்துவிட்ட வாழைமர நோட்டைக் கண்டால் கடைக்காரர் முகத்தைத் திருப்பிக்கொள்வார். பொட்டுத் தங்கமென்றால் மூட்டையை அவிழ்ப்பார்.

நாங்கள் இருந்த காஜா பேராங்கிலிருந்து குழிக்கு மூன்று மைல். சயாம் ரயில் பாதை போட ஜப்பான்காரன் ஆள் பிடித்துக்கொண்டிருந்ததால் என் வீட்டுக்காரர் இரண்டு மாதமாக வாசல் தாண்டவில்லை. தனியாகச் சரளை வெட்ட எனக்குத் தெம்பில்லை என்று நான்தான் அவரை இழுத்துப் போனேன். காலை ஆறரைக்குக் கிளம்பி, ரோட்டை விட்டு ரப்பர் மரங்களுக்குள்ளேயே நடந்து, எட்டு மணிக்குச் சேர்ந்தோம். செலவு, ஆளுக்கொரு மரவள்ளிக்கிழங்கு. நாய் குரைத்தால்கூட மரத்துக்குப் பின்னால் ஒதுங்கினோம்.

குழியில் ரப்பர் தோட்டத்து ஆள் ஒருவர் அலசிக்கொண்டிருந்தார். கருமணலோடு தங்கம் படியும் மூலையை அவரே காட்டினார்.

"நாலு மணிக்கு ஆள் புடிக்க லாரி வரும், தம்பி. மூணுக்கெல்லாம் குழியை விட்டு ஏறிடணும்."

மதியத்துக்குமேல், சொன்னபடி அவர் தட்டைக் கவிழ்த்துக்கொண்டு கிளம்பினார். என் வீட்டுக்காரர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். ஒன்றரை. "பயந்த மனுஷன்" என்று சிரித்தார். அப்போதுதான் என் தட்டில் அரிசிமணி அளவு மஞ்சள் மின்னியது. இன்னும் ஒரு தட்டு, இன்னும் ஒரு தட்டு என்று நானும் விடவில்லை.

ஒரு மணி நேரம் போயிருக்கும். அந்த மனிதர் மேட்டிலிருந்து இறங்கி ஓடி வந்தார்.

"இன்னுமா நிக்கிறீங்க? டோக்கியோ நேரம் லா, தம்பி! மணி நாலாச்சு!"

ஜப்பான்காரன் உத்தரவில் ஊரே கடிகாரத்தை ஒன்றரை மணி நேரம் முன்னே தள்ளி வைத்திருந்தது. "அவன் நேரம் எனக்கெதுக்கு" என்று என் வீட்டுக்காரர் மட்டும் வீம்பாகப் பழைய நேரத்திலேயே வைத்திருந்தார். அதை நானும் மறந்துபோனேன்.

லாரிச் சத்தம் கேட்டது. இவர் கோரைக்குள் பாய்ந்து கழுத்துவரை தண்ணீரில் அமிழ்ந்தார். கரையில் கிடந்த இவர் சட்டையை என்னுடையதுபோலச் சேலைமேல் மாட்டிக்கொண்டு, சிப்பாயைப் பார்த்து இடுப்பு வளையக் குனிந்தேன். சிப்பாய் சட்டையைத் தொட்டுப் பார்த்தான். பிறகு அந்த மனிதரின் பிடரியைப் பிடித்தான். லாரியில் ஏறும்வரை அவர் கோரைப் பக்கம் திரும்பவே இல்லை.

கிடைத்த தங்கத்துக்கு அரிசி வாங்கினோம். தின்றோம்.

போகிறவர்கள் குடிக்கத் தண்ணீர் கொண்டுபோங்கள். ரப்பர் செருப்பு வழுக்கும், வேண்டாம். இடம் காட்டுகிறவரிடம் முதலில் பெயரைக் கேட்டுக்கொள்ளுங்கள். சண்டை முடிந்து சயாமிலிருந்து ஆட்கள் திரும்பியபோது நான் ஒவ்வொருவராகப் போய்ப் பார்த்தேன். யாரைத் தேடுகிறாய் என்று கேட்டார்கள். குழியில் இடம் காட்டியவரை என்றேன்.