பெட்டிக்குப் பின்னால் வந்த காற்று

கம்பி வலையில் ஒட்டிக்கொண்ட ஒரு ரோஜா இதழ் விடாமல் துடித்துக்கொண்டிருந்தது. அண்ணனைக் கிடத்தியிருந்த ஃப்ரீசர் பெட்டியின் தலைமாட்டில், மிஷின் சூடான காற்றை வெளியே தள்ளும் இடம் அது. பெட்டிக்கும் சுவருக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளி. அதில் கையை நுழைத்து, உள்ளங்கையை வலைக்கு நேரே விரித்தபடி அண்ணி நின்றிருந்தார். மணி பதினொன்று நாற்பது. பத்திரிகையில் காலம் தள்ளியவனுக்குச் சாவு வீட்டிலும் கை சும்மா இருக்காது. நேரத்தையும், பெட்டியின் மேல் ஒளிர்ந்த எண்ணையும் குறித்துக்கொண்டேன். நான்கு டிகிரி.

அண்ணி கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுத்தவர். ஆஸ்டின் டவுனில் அவர்கள் வீட்டு ஹால் சின்னது. அன்று விடியற்காலை மாரடைப்பில் அண்ணன் போனார். எட்டு மணிக்கு வாடகைப் பெட்டி வந்தது. ஒரே மகள் துபாயிலிருந்து நான்கு மணிக்கு இறங்கி, ஊரைக் கடந்து வீடு வந்து சேர வேண்டும். அதுவரை பெட்டி தாங்க வேண்டும். கோலார் தங்கவயலிலிருந்து வந்திருந்த எங்கள் தாய்மாமன் பொறுப்பைக் கையில் எடுத்துக்கொண்டார். குளிர்ச்சி வெளியே போய்விடக் கூடாது என்று சன்னல்களை அடைத்து, கதவையும் ஒருக்களித்து வைத்தார். வந்தவர்களோ மாலைகளைத் தலைமாட்டிலேயே குவித்தார்கள். வியர்வையில் எல்லோருக்கும் சட்டை நனைந்தது. பன்னிரண்டுக்கு மேல் எண் ஏறத் தொடங்கியது. ஏழு, ஒன்பது. ஒரு மணிக்குப் பதின்மூன்று.

“பொண்ணுக்காகப் பாத்தா ஆவாதும்மா. மூணு மணிக்கு எடுத்துடலாம். கெட்டுப்போன மூஞ்சியவா அந்தப் புள்ளைக்குக் காட்டுவ?” என்றார் மாமா.

“சன்னலத் தொறங்க மாமா. பெட்டியத் திருப்பணும்,” என்றார் அண்ணி.

“தொறந்தா இருக்கற குளிர்ச்சியும் பூடும்.”

“குளிர்ச்சின்னு தனியா ஒண்ணு இல்ல மாமா. அவர் உடம்புச் சூட்ட மிஷின் எடுத்து வெளிய போடுது. தானா போவாது, கரண்டு செலவு பண்ணித் தள்ளணும். தள்ளுன சூடு அழிஞ்சா போயிடும்? எங்கயாவது இருந்தாகணும். அத இந்த ஹால்லயே நாம பூட்டி வெச்சிருக்கோம்.”

“இதெல்லாம் காலேஜ்ல சொல்லு. திருப்புனா தல வடக்கால வந்துடும். தெக்கால தல வெச்சித்தான் அனுப்பணும்.”

“முப்பது வருஷமா அவரு எந்தப் பக்கம் தல வெச்சித் தூங்குனாருன்னு எனக்குத் தெரியும் மாமா.”

யாரோ சிரித்து, உடனே இருமினார்கள். இரண்டு பேரின் பேச்சும் எனக்கு நியாயமாகவே பட்டது. சமாதானமாக ஏதாவது சொல்ல வேண்டுமே என்று, சமையலறை ஃப்ரிட்ஜின் கதவைத் திறந்து வைத்தால் ஹால் குளிருமா என்று கேட்டேன். அண்ணி என்னைப் பார்த்த பார்வையில் எத்தனையோ பேர் ஃபெயிலாகியிருப்பார்கள். “அதுக்குப் பின்னாடியும் இதே மாதிரி சூடு வரும் தம்பி. இன்னும் வேகும்.”

மாமா நகரவில்லை, அதனால் யாரும் நகரவில்லை. நான் போய் ஒரு கைப்பிடியைப் பிடித்தேன். ஏன் என்று இன்றுவரை தெரியாது. பிறகு மூன்று பேர் வந்தார்கள். சன்னல்களையும் கதவையும் திறந்து, மாலைகளை எடுத்துவிட்டு, பெட்டியைத் திருப்பி, மிஷின் பக்கத்தை வாசலுக்கு நேராக வைத்தோம். சூடு தெருவுக்குப் போனது. பந்தலில் இருந்தவர்கள் நாற்காலிகளைத் தள்ளிப் போட்டுக்கொண்டார்கள். மூன்று மணிக்கு எண் ஆறு. ஐந்தே முக்காலுக்கு மகள் வந்தாள். அண்ணன் முகம் தூங்கும் முகமாகவே இருந்தது. மூடியை மாமாவே திறந்துவிட்டார்.

மகள் வருவதற்கு முன்பு, வாசற்படியில் மறுபடியும் கையை நீட்டியபடி அண்ணி நின்றிருந்தார். மிஷின் சரியாக ஓடுகிறதா என்று பார்க்கிறீர்களா என்று கேட்டேன்.

“அதுவும்தான்,” என்றார். “இதுல கொஞ்சம் அவரோட சூடு. மீதி கரண்டோடது. பிரிச்சிக் கணக்குப் போடலாம், பசங்களுக்குப் போட்டுக் காட்டியிருக்கேன்,” என்றார். கையை எடுக்காமலே, “உள்ளயே வெச்சிக்கிட்டா அவருக்கு ஆகாது,” என்றார்.

என் குறிப்பேடுதான் என்னைக் குழப்புகிறது. பதினொன்று நாற்பதுக்கு எண் நான்கு. எந்தக் கோளாறும் தெரியாத நேரம். வலை சுவரைப் பார்த்திருக்கிறது, சன்னல் மூடியிருக்கிறது, சூடு வீட்டுக்குள்ளேயே சுற்றுகிறது என்பது அங்கே ஒருவருக்குத்தான் தெரிந்திருக்கும். அவர் ஒன்றே கால் மணி நேரத்துக்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை. அப்போது அவர் கவனிக்கவில்லையா? மாமாவுக்கு மரியாதையா? இல்லை, வேண்டுமென்றே அந்தச் சூட்டை வீட்டுக்குள் வைத்திருந்தாரா? ஒவ்வொன்றும் பொருந்துகிறது, எதுவும் முழுதாகப் பொருந்தவில்லை. அண்ணி இப்போது துபாயில் மகளோடு இருக்கிறார். வீடியோவில் வாரம் ஒருமுறை பேசுகிறோம், நான் கேட்டதில்லை.

போன மாதம் அடுகோடியில் பழைய சக ஊழியர் ஒருவரின் அப்பா தவறிப்போனார். அதே மாதிரி பெட்டி, தலைமாட்டில் அதே மாதிரி மாலைக் குவியல். குனிந்து மாலைகளை ஒதுக்கினேன். வலைக்கு நேரே உள்ளங்கையை வைத்தேன்.

“இன்னா சார், மிஷின் ஓடலயா?” என்றார் பக்கத்தில் இருந்தவர்.

“ஓடுது,” என்றேன். கையை எடுக்கவில்லை.