முழங்கால் காயம்

கல்லூரியில் நான் உதைபந்தாட்டத்தில் கோல் காப்பேன், கரப்பந்து ஆடுவேன், உயரம் பாய்வேன். முழங்கால் காயங்கள் எனக்குப் பெருமை.

எண்பதுகளின் நடுவில் ஒருநாள், போட்டிக்காக வவுனியா பஸ்ஸில் யன்னலால் பையை எறிந்து இடம் பிடித்தேன். அதில் உட்காரப்போன மலையகத்து அம்மாவை, "அது என்ர இடம், பை போட்டனான்" என்று நிற்கவைத்தேன்.

கனகராயன்குளத்தில் இராணுவம் எங்களைச் சோதனைக்கு இறக்கியது. காற்சட்டையை உயர்த்தச் சொல்லி என் முழங்காலைக் கண்ட சிப்பாய் என்னைத் தனியே நிறுத்தினான். இயக்கங்களில் ஊர்ந்து ஆயுதப் பயிற்சி எடுத்தவர்களுக்கும் அப்படித்தான் காயமிருக்கும். எனக்குச் சிங்களம் தெரியாது.

அந்த அம்மா என் பையிலிருந்த பந்தை எடுத்துக் காட்டி, மலையகத்தில் பழகிய சிங்களத்தில் ஏதோ சொன்னார். சிப்பாய் போகச் சொன்னான்.

பஸ்ஸில் ஏறியதும், "நீங்கள் இருங்கோ அம்மா" என்றேன்.

"உங்க காலு இன்னும் நடுங்குது தம்பி. நீங்க உக்காருங்க."

உட்கார்ந்தேன். வவுனியாவரை அவர் நின்றுகொண்டே வந்தார். நான் எழும்பவில்லை.