ஓநாய் வீரனின் குரல்

அலுவலகத்தில் அவளுக்குக் கத்திரி என்றே பெயர். தொலைக்காட்சியில் இருபது வருடமாகப் படத்தொகுப்பு வேலை. பிசாசும் ரத்தமும் சாபமுமாக வரும் மூன்று ஜப்பானிய அனிமே கார்ட்டூன் படங்களைப் பதின்மூன்று வாரத் தொடராக மாற்றவேண்டும் என்றதும் மற்றவர்கள் நைசாக நழுவினார்கள். அவள் கேட்டு வாங்கிக்கொண்டாள். அந்தப் படங்கள் தியேட்டருக்கு வந்தபோது அவற்றில் ஓநாய் வீரனுக்கு டப்பிங் பேசியவன் அவள் தம்பி. போன வருடம் புற்றுநோய் அவனைக் கொண்டுபோய்விட்டது.

"உனக்கு நெஞ்சு தாங்காதும்மா" என்று அம்மாவைத் தியேட்டர் பக்கமே போகவிடாமல் தடுத்தவனும் அவன்தான். இப்போது அம்மாவுக்கு ஒரே கேள்வி.

"அவன் குரல் வருமாடி?"

"வரும்மா. நான்தானே வெட்டறேன்."

அந்த வாரமே தலையில் இடி விழுந்தது. தொடருக்கென்று புதிதாக வரைந்த காட்சிகளும் வந்து இறங்கின. அவற்றுக்குப் பேசத் தம்பி இல்லை.

"முழுசையும் புது ஆளை வச்சுப் பேசிடலாம்" என்றார் டப்பிங் மேலாளர்.

"பழைய காட்சிக்குப் பழைய குரலே இருக்கட்டுமே சார்."

"ஒரே ஆளுக்கு ரெண்டு தொண்டையா? டிவி கெட்டுப்போச்சுன்னு ஜனங்க ரிமோட்டைத் தட்டுவாங்கம்மா." சிரித்தவர் அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். "சரி, அந்த அலறல் மட்டும் இருக்கட்டும். புது ஆளுக்கு அது வராது."

முதுகு கிழிந்து வீரன் ஓநாயாகும் இடம் அது. குழந்தைகள் பார்க்கும் மாலை ஆறு மணித் தொடரில் அதைக் காட்டமுடியாது. படத்தை எடுத்துவிட்டுச் சிவந்த மேகத்தை வைத்தாள். சத்தத்தை மட்டும் ஓடவிட்டாள். நான்கே நொடி. மூன்று நாள் உட்கார்ந்து இழைத்தாள்.

ஒளிபரப்பன்று அம்மா டிவிக்கு நெருங்கி உட்கார்ந்தாள். புது நடிகர் வாயைத் திறந்ததுமே கண் கலங்கிவிட்டது.

"எவ்வளவு கணீர்னு பேசறான் பாரு என் பிள்ளை! வீட்டுல முணுமுணுன்னுதானே பேசுவான்."

கத்திரி உண்மையைச் சொல்ல வாயெடுத்தாள்.

மேகம் வந்தது. தம்பி அலறினான்.

அம்மா காதைப் பொத்திக்கொண்டாள். "ஐயோ, யாருடி அது? வயித்தைப் பிசையுது. சத்தத்தைக் குறைடி."

குறைத்தாள்.

மேகம் போய் வீரன் மறுபடி பேச ஆரம்பித்தான்.

"இப்ப ஏத்து, ஏத்து. அவன் பேசறான்" என்றாள் அம்மா.

ஏற்றினாள்.