கசெற்றில் மிஞ்சிய அமெரிக்கா

இத்தாலியில், பலெர்மோ நகரில், பொலிதேயாமா அரங்கின் பக்கம் ஒரு வயதான இத்தாலிய அம்மாவை, சிஞ்ஞோராவை, வீட்டோடு இருந்து பார்த்துக்கொள்கிறேன். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு தொலைக்காட்சியைப் போட்டுவிட்டு அவர் நித்திரையாகிவிடுவார். தொலைக்காட்சிக்குள் ஆட்கள் சிரிப்பார்கள். சிரிக்கிற ஒருவரையும் காட்டமாட்டார்கள்.

அந்தச் சிரிப்பை நான் முதன்முதல் கேட்டது பத்து வயதில், யாழ்ப்பாணத்தில். அப்பா அமெரிக்காவுக்குப் போய் இரண்டு வருஷம், கடிதம் நின்று ஒரு வருஷம். தபால்காரரின் மணி கேட்டால் அம்மா அடுப்படிக்குள் போய்விடுவார். வாசலுக்கு என்னைத்தான் அனுப்புவார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாமா, அம்மாவின் தம்பி, தொலைக்காட்சியும் வீடியோ டெக்கும் கசெற்றும் வாடகைக்குக் கொண்டுவந்தார். யன்னல்களுக்குச் சேலை கட்டி, அயலெல்லாம் கூடித் தமிழ்ப்படம் பார்த்தோம். முடிந்ததும் சனம் பாயை உதறிக்கொண்டு போய்விட்டது. கசெற் நிற்கவில்லை. அமெரிக்காவில் யாரோ ஏதோ நிகழ்ச்சி பிடித்த கசெற்றின்மேல்தான் படத்தைப் பதிந்திருந்தார்கள். படம் முடிந்த இடத்துக்குப் பிறகு பழைய நிகழ்ச்சியின் அழியாத வால் மிச்சம் இருந்தது.

அது என்ன நிகழ்ச்சி என்று இன்றைக்கும் சொல்லத் தெரியாது. பாட்டுமில்லை, நாடகமுமில்லை, எல்லாவற்றிலும் கொஞ்சம். நடுத்தெருவில் மேசை போட்டு ஒரு குடும்பம் கோழி சாப்பிட்டது. கார்கள் சுற்றிப் போயின. மூன்று பெண்கள் தும்புத்தடியால் தெருவைக் கூட்டிக் கூட்டி ஆடினார்கள். பிறகு ஒருவன் மைக்கை நீட்டித் தெருவில் போகிறவர்களிடம் ஒரே கேள்வியைக் கேட்டான்.

"என்ன மாமா கேக்கிறான்?"

"வீட்டிலை ஆர் இருக்கினம் எண்டு."

மாமாவுக்கு இங்கிலிஷ் தெரியும் என்று மாமா மட்டும்தான் சொல்லுவார்.

எங்கள் நிறத்து மனிதர் ஒருவர், மைக்கைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டு விறுவிறென்று நடந்தார்.

"எடி, அங்கை பார், கொப்பர் போறார்!" என்றார் மாமா.

நான் பாய்ந்து, "அப்பா!" என்று கத்தினேன். தொலைக்காட்சிக்குள் எல்லோரும் கொல்லென்று சிரித்தார்கள். என்னைப் பார்த்துத்தான் என்று நினைத்து அம்மாவின் சேலைக்குள் முகத்தைப் புதைத்தேன்.

"சும்மா பகிடிக்கு, அக்கா..." என்று தொடங்கியவரை அம்மா முடிக்க விடவில்லை.

"இன்னொருக்காப் போடு, தம்பி."

போட்டார். அந்த மனிதர் திரும்பவில்லை.

"அவரே அம்மா?"

"ஓம் பிள்ளை. அவர்தான்."

மூன்றாம் தரமும் போடச் சொன்னார். மாமா இப்போது சிரிக்கவில்லை.

அப்பா தொலைக்காட்சியில் வந்தார் என்று மறுநாள் பள்ளிக்கூடமெல்லாம் சொன்னேன். கடிதம் பிறகு வரவேயில்லை.

அப்பாவுக்கு இடது கால் சற்று இழுக்கும். விறுவிறென்று நடக்கிறவர் இல்லை. அது அம்மாவுக்குத் தெரியாமல் இருந்திருக்குமா? எனக்காகத்தான் பொய் சொன்னார் என்று நெடுநாள் நினைத்திருந்தேன். எனக்காக என்றால் இரண்டாம் தரத்தோடு போதும். மூன்றாம் தரம் எதற்கென்று அந்த வயதில் எனக்கு விளங்கவில்லை.

சிஞ்ஞோரா நித்திரையான பிறகும் நான் தொலைக்காட்சியை நிறுத்துவதில்லை. தெருவில் ஆட்கள் நடந்துபோகிற இடம் வந்தால் கிட்டப் போய் நின்று பார்ப்பேன்.