எஃபி சுமந்த மெசேஜ்

எங்கள் கடலோர ஊரான ஸ்ட்ராத்கென்னியில் மோவட் குடும்பத்துப் பெண்களுக்கு மூக்கு நீளம் என்பார்கள். முகத்தில் இருக்கிற மூக்கைச் சொல்லவில்லை; எதிலும் நுழைந்து கேள்வி கேட்கிற மூக்கை. அந்த வீட்டுப் பெரியம்மா ஒருத்தி ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்துக்கு நடுவில் எழுந்து, "ஐயா, நோவா பேழையில அத்தனை மிருகம் போட்ட சாணியை எங்க கொட்டினாரு?" என்று கேட்டவள். போதகர் அன்றைக்குப் பிரசங்கத்தை அதோடு முடித்துக்கொண்டார். அவளுடைய தங்கை பெற்ற மூத்த பெண்தான் எஃபி. ராத்ரே குடும்பத்துக்கு வாழ்க்கைப்பட்டுப் போன பிறகும் தாய்வீட்டு மூக்கு அவளோடுதான் போயிற்று.

எஃபிக்கு நகராட்சியில் வீட்டு உதவி வேலை. தனியாய் இருக்கும் வயசாளிகளுக்குக் கணப்பு மூட்டி, தரை துடைத்து, சூப் வைத்து, மெசேஜ் வாங்கி வந்து கொடுக்க வேண்டும். எங்கள் பக்கத்தில் மெசேஜ் என்றால் கடைச் சாமான். உருளைக்கிழங்கு, பால், ரொட்டி, அடுப்புக்கரி எல்லாம் அதில் அடக்கம்.

அவள் புருஷனின் தம்பி டூகலுக்கும் அதே நகராட்சியில்தான் வேலை, தெரு கூட்டுவது. ஒரு வருஷம் நகராட்சி எல்லா வேலைகளையும் எடைபோட்டுப் படி பிரித்துச் சம்பளம் வைத்தது. டூகல் எஃபிக்கு இரண்டு படி மேலே போய் உட்கார்ந்துவிட்டான். மற்ற பெண்கள் கோபப்பட்டார்கள். எஃபிக்குக் கோபத்தைவிட, காரணம் என்ன என்ற குடைச்சல்தான் அதிகம்.

"ஏன் டூகல், அப்படி என்னதான் இருக்கு உன் வேலையில?"

"பாரம், எஃபி. பாரத்துக்குத்தான் படியாம்."

"துடைப்பத்துலயா பாரம்?"

"ஈர இலை அள்ளிப் பாத்திருக்கியா? பனி விழுந்தா உப்பு மூட்டை வேற. வண்டியத் தள்ளிப் பாத்தாத் தெரியும்."

"சரி, கொடு. தள்ளிப் பாக்கறேன்."

மறுநாள் காலை துறைமுகத் தெரு முழுக்க வண்டியைத் தள்ளிக்கொண்டு போனாள். ரொட்டிக் கடை வாசலில் நின்ற மோரக்கும் வீட்டு உதவிக்காரிதான். "என்னடி, கொழுந்தன் வேலையப் பிடுங்கிட்டியா?" என்று கத்தினாள்.

"எடை பாக்கறேன்டி!"

தெருக்கோடியில் வண்டியை நிறுத்தி மூச்சு வாங்கினாள் எஃபி. "கனம்தான், இல்லைங்கல. ஆனா இதுக்குச் சக்கரம் இருக்கே டூகல். நான் மெசேஜ் தூக்கிட்டுப் போற ஆர்ச்சி கிழவர் வீட்டு மாடிப்படில சக்கரம் ஏறாதே."

"கேக்க வேண்டிய இடத்துல போய்க் கேளு. ஆனா என் படியில கையை வச்சுடாதே, தாயே."

எஃபிக்கு அது வெறும் குடைச்சலோடு போகிற விஷயமும் இல்லை. புருஷனுக்கு முதுகு போய் மீன்பிடிப் படகேற முடியாமல் ஆகிவிட்டது. மீன் பதப்படுத்தும் ஆலையில் அவளுக்கு இடம் தயாராக இருந்தது, சம்பளமும் கூடுதல். நகராட்சி படியை உயர்த்தாவிட்டால் திங்கட்கிழமை அங்கே போவதாகச் சொல்லிவைத்திருந்தாள். ஆர்ச்சி டன்பார் கிழவரிடம் இதைச் சொன்னபோது அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "வேற எவளாவது வந்தா நான் கதவே திறக்க மாட்டேன்."

வீட்டு உதவிக்காரிகள் போட்ட மேல்முறையீட்டை விசாரிக்கும் நாள் வந்தது. நகராட்சி மன்றத்தின் மேல்மாடி அறையில் மூன்று பேர் கேட்க உட்கார்ந்திருந்தார்கள். வேலைகளை எடைபோட்ட பென்ரோஸும் வந்திருந்தார். தெற்கே இங்கிலாந்துக்காரர், நல்ல மரியாதைக்காரர். எஃபி முன்வரிசையில் உட்கார, மோரக்கும் மற்ற பெண்களும் பின்னால் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள்.

"எங்க வேலையில எதை எதை எடை போட்டீங்க?" என்றாள் எஃபி.

"எல்லாத்தையும்தாங்க. சமையல், சுத்தம் பண்றது. அப்புறம், எதுக்கு அதிக நேரம் ஆகுதுன்னு உங்க ஆளுங்களைக் கேட்டேன். எல்லாரும் ஒரே குரல்ல மெசேஜ்தான்னு சொன்னாங்க."

"ஆமா, அதுதான்."

"அதுக்குப் பாரத்துல மதிப்பெண் கொடுக்க முடியாதே. வீடு வீடா சேதி கொண்டுபோறதுல என்னங்க கனம்? ஆனா பேச்சுத் திறமைல உங்களுக்கு நிறையவே போட்டிருக்கேன்."

மோரக் வாயைப் பொத்திக்கொண்டு, "அது மட்டும் சரியாத்தான் போட்டிருக்காரு!" என்றாள். சிரிப்பு பின்வரிசையிலிருந்து கிளம்பி முன்னால் வந்தது. கேட்க உட்கார்ந்திருந்த மூன்று பேரும் உள்ளூர்க்காரர்கள். அவர்களில் ஒருவர் கைக்குட்டையால் முகத்தை மூடிக்கொண்டார்.

எஃபி சிரிக்கவில்லை. பென்ரோஸையே உற்றுப் பார்த்தாள். "அப்போ உங்க ஊர்ல மெசேஜ்னா சேதி மட்டும்தானா?"

"வேற என்ன?"

இங்கிருந்து நேரே ஆர்ச்சி வீட்டுக்குப் போக வேண்டியவள் அவள். ஆர்ச்சிக்கு வாங்கி நாற்காலிக்கு அடியில் வைத்திருந்த இரண்டு சாமான் பைகளையும் இழுத்துப் பென்ரோஸ் காலடியில் வைத்தாள். "இதுதாங்க மெசேஜ். தூக்கிப் பாருங்க. மூணு மாடி."

பென்ரோஸ் ஒரு கையால் பிடித்தார். அப்புறம் இரண்டு கையாலும் பிடித்தார். தூக்கிக்கொண்டு கதவு வரை நடந்து திரும்பி வந்தபோது காதெல்லாம் சிவந்திருந்தது. ஆனால் அவரும் ஒரு குடைச்சல்காரர்தான் போலும். பையைக் கீழே வைத்ததுமே, "ஆமா, இதைப் போய் ஏங்க மெசேஜ்னு சொல்றீங்க?" என்று கேட்டார்.

எஃபி திரும்பி மோரக்கைப் பார்த்தாள். மோரக் அந்த மூன்று பேரைப் பார்த்தாள். ஒருவருக்கும் தெரியவில்லை. பிறந்ததிலிருந்து ஊரையே கேள்வி கேட்டுத் துளைத்தவள், தன் நாக்கிலேயே கிடந்த சொல்லைப் பற்றி ஒரு நாளும் கேட்டதில்லை.

பெண்களை வெளியே அனுப்பிவிட்டு, பென்ரோஸ் பாரத்தைச் சேர்த்து மறுபடி எடைபோட்டார். வெளியே பெண்கள் தேநீர் குடித்து முடிப்பதற்குள் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார்கள். வீட்டு உதவிக்காரிகள் எல்லாருக்கும் இனி டூகல் இருக்கிற படிதான். டூகல் படியிலும் யாரும் கைவைக்கவில்லை. மோரக் எஃபியைக் கட்டிப்பிடித்து, "மீன் ஆலை நாத்தத்துலேர்ந்து தப்பிச்சாருடி உன் புருஷன்!" என்றாள்.

எஃபி பைகளோடு மூன்று மாடி ஏறினாள். ஆர்ச்சி கதவைத் திறந்துவைத்துக்கொண்டு நின்றிருந்தார்.

"திங்கக்கிழமை யாரு வர்றது?"

"நான்தான். அது கிடக்கட்டும் ஆர்ச்சி, இதை ஏன் மெசேஜ்னு சொல்றோம்?"

"மெசேஜை மெசேஜ்னு சொல்லாம? பாலை உள்ள வைம்மா, திரிஞ்சிடப் போகுது."